தேன் வரத்து குறைந்த ஆண்டில் சீனிப்பாகு கொடுத்து எடையை நிரப்பச் சொல்கிறார்கள்: எப்படி உறுதியாக நிற்பது?

கேள்வி: அருமனைப் பக்கத்துக்காரன்

அனைவருக்கும் வணக்கம். அருமனைக்கு அருகே ரப்பர் விளைகளில் (தோட்டங்களில்) தேன்பெட்டி வைத்துப் பிழைப்பவன் நான். என் தகப்பனாரும் இதே தொழிலைத்தான் செய்தார். வெளியூர் அன்பர்களுக்காக முதலில் சிறு விளக்கம் தருகிறேன். மார்கழியில் இலை உதிர்க்கும் ரப்பர் மரம் தை மாதத்தில் தளிர்க்கும்போது, இலைக்காம்பின் நுனியிலுள்ள சுரப்பிகளில் இனிப்பு நீர் ஊறும். குமரி மாவட்டத்துத் தேனில் பெரும்பகுதி அந்தத் தளிரிலிருந்து வருவதே தவிரப் பூவிலிருந்து வருவதில்லை. தையிலிருந்து பங்குனி வரை எடுக்கும் தேன்தான் எங்களுக்கு ஆண்டு முழுவதற்குமான வருமானம். மழைக்காலம் முழுவதும் தேனீக்களுக்கு இரை இருக்காது என்பதால், அவை கூட்டை விட்டுப் பறந்துவிடாமல் இருக்கச் சீனிப்பாகு வைத்துக் காப்பாற்றுகிறோம். அது எல்லாரும் அறிந்த வழக்கம், அதில் ஒளிவுமறைவு எதுவும் இல்லை.

இந்த ஆண்டு தளிர் விரியும் நேரத்தில் மூடுபனியும் சாரலும் விடாமல் இருந்தன. சாம்பல் நோய் பிடித்து இளந்தளிர்கள் கொத்துக் கொத்தாகக் கொட்டிவிட்டன. சில விளைகளில் உரிமையாளர்கள் கந்தகத் தூள் அடித்தார்கள், பல விளைகளில் அடிக்கவில்லை. நல்ல பருவத்தில் பெட்டிக்குப் பத்து கிலோ எதிர்பார்க்கும் இடத்தில் இப்போது பாதிகூடத் தேறாது போலிருக்கிறது. ஐப்பசி மாதமே ஒரு வியாபாரியிடம் முன்பணம் வாங்கி, இவ்வளவு கிலோ தருகிறேன் என்று ஒப்புக்கொண்டிருக்கிறேன். அந்தப் பணம் பெட்டிகளைப் பழுதுபார்ப்பதற்கும், மழைக்காலச் சீனிக்கும், ஒரு பகுதிப் பெட்டிகளைக் கேரளத்துத் தோட்டங்களுக்கு லாரியில் ஏற்றிச் சென்ற வாடகைக்குமாகச் செலவாகிவிட்டது. இதற்கு மேல், வீட்டு நகை அடகில் இருக்கிறது.

வரத்து குறைவு என்று வியாபாரியிடம் சொன்னபோது, “எடை சரியாக இருந்தால் போதும், மற்றதை நான் கேட்க மாட்டேன்” என்றார். அவர் எதைக் குறிப்பிட்டார் என்பது எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். பக்கத்து விளைகளில் பெட்டி வைத்திருப்பவர்கள் வெளிப்படையாகவே சொல்கிறார்கள்: “பாகைத் தேனில் ஊற்றிக் கலக்கினால்தானே குற்றம்? தேன் வரும் காலத்திலும் பெட்டிக்குள் பாகு வைத்தால், தேனீயே அதை எடுத்து, அடையில் நிரப்பி, மெழுகால் மூடிவிடும். அப்போது அது தேனீ செய்த தேன்தானே?” என்கிறார்கள். முதல் முறை கேட்டபோது சிரித்தேன். நாளாக ஆக, அந்த வாதம் எனக்கே நியாயம்போல் தோன்றத் தொடங்குவதுதான் என்னை உறங்கவிடாமல் செய்கிறது.

தேன் எடுக்கும் வேலை இன்னும் சில வாரங்களுக்கு இருக்கிறது. தேனீக்காரர்கள் சொல்லும் இந்த வாதம் சரியா என்பதை அறிந்தவர்கள் சொல்ல வேண்டும். தவறு என்றே தெரிந்தாலும், கடன்காரரின் முகத்தையும் வீட்டாரின் முகத்தையும் தினமும் பார்த்துக்கொண்டு, பருவம் முடியும்வரை மனம் தளராமல் இருப்பது எப்படி என்பதையும், இப்படிப்பட்ட காலத்தைக் கடந்தவர்கள் எழுதினால் உதவியாக இருக்கும்.

மறுமொழி: பழைய பெட்டிக்காரர், குலசேகரம்

தம்பி, தேனீ செய்தது எல்லாம் தேன் ஆகாது. நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு விதிகள் தேன் என்பதைப் பூவின் மதுவிலிருந்தோ செடிகொடிகளின் சுரப்பிலிருந்தோ தேனீ சேகரித்து உண்டாக்கும் இயற்கை இனிப்பு என்றுதான் வரையறுக்கின்றன. ரப்பர் தளிரின் சுரப்பு அதற்குள் அடங்கும், கடையில் வாங்கிய சீனி அடங்காது. தேனீயின் வயிற்றில் போய் வந்ததால் கரும்புச் சீனி தன் பிறப்பை மறந்துவிடாது. ஆய்வகத்தில் கரிம அணு வகைகளின் விகிதத்தைப் பார்த்தே கரும்பிலிருந்து வந்ததா, மரஞ்செடியிலிருந்து வந்ததா என்று சொல்லிவிடுகிறார்கள். தண்ணீரில் சொட்டு விட்டுப் பார்ப்பது, செய்தித்தாளில் ஊற்றிப் பார்ப்பது, எறும்பு மொய்க்கிறதா என்று பார்ப்பது எல்லாம் வீட்டுத் திண்ணைப் பேச்சுதான், அவற்றை நம்பி யாரும் எதையும் முடிவு செய்யக் கூடாது.

இதில் ஒரு வேதனையான வேடிக்கை உண்டு. 2020 டிசம்பரில் டெல்லியிலுள்ள அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம், சந்தையில் விற்ற 22 தேன் மாதிரிகளைச் சோதித்து, அவற்றில் 5 மட்டுமே எல்லாச் சோதனைகளிலும் தேறின என்று வெளியிட்டது. கரும்புச் சீனியைப் பிடிக்கும் சோதனைக்குச் சிக்காத அரிசிப்பாகு போன்றவற்றைப் பெரிய அளவில் கலப்பவர்கள் தப்பிக்கிறார்கள் என்பதே அந்த அறிக்கையின் சாரம். அப்படியானால் சாதாரணச் சோதனையில் மாட்டுகிறவன் யார் என்று எண்ணிப் பாருங்கள். பலசரக்குக் கடையில் சீனி மூட்டை வாங்கிய உங்களைப் போன்றவர்தான். தரக்குறைவான உணவுக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதம் விதிக்க 2006 ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் இடமுண்டு. அன்றைக்கு அந்த வியாபாரி உங்கள் பக்கத்தில் வந்து நிற்பார் என்று நம்புகிறீர்களா? பிடிபடுவோம் என்ற அச்சத்துக்காக மட்டும் நேர்மையாக இருங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. அந்த வாதத்தில் அறிவுக்குப் பொருந்திய நியாயம் ஏதும் இல்லை என்று காட்டவே இதைச் சொன்னேன்.

இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். 1991, 92 ஆண்டுகளில் தாய் சாக்புரூட் (Thai sacbrood) என்ற வைரஸ் நோய் தென்னிந்தியத் தேனீக் கூடுகளை அழித்ததை உங்கள் தகப்பனார் சொல்லியிருப்பார். 1920களில் ஸ்பென்சர் ஹாட்ச் என்ற அமெரிக்கர் மார்த்தாண்டத்து ஒய்.எம்.சி.ஏ. நிலையத்தில் தேனீ வளர்ப்பைத் தொடங்கிவைத்த காலத்திலிருந்து, வீட்டுக்கு வீடு பெட்டி இருந்த ஊர்களில் அந்த ஆண்டுகளில் வெறும் பெட்டிகளே மிஞ்சின. புழுக்கள் நீர் கோத்த பைகளாக வீங்கிச் செத்தன, அதற்கு மருந்து கிடையாது. காலையில் பெட்டியைத் திறக்கவே எனக்குக் கை வராது. அந்த நேரத்தில் வெளியூர்த் தேனைக் கொண்டுவந்து தருகிறோம், உங்கள் பெயரைச் சொல்லி விற்றுக்கொடுங்கள் என்று சிலர் கேட்டார்கள். எங்கள் வீட்டுத் தேனைக் கைக்குழந்தைக்கும் மருந்துக்கும் என்று வாங்கிப்போகும் குடும்பங்கள் பல இருந்ததால், கேட்டவர்களுக்கு அந்தப் பெயர் பணமாகத் தெரிந்தது. நான் மறுத்தேன். மறுத்துவிட்டு, ஒரு தோட்டத்தில் பால்வெட்டும் கூலிக்குச் சில ஆண்டுகள் போனேன்.

இதைப் பெரிய தியாகமாக எண்ணிவிடாதீர்கள். அந்த ஆண்டுகளில் என் மனைவி முந்திரி ஆலைக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். அந்த வாரக் கூலி வீட்டுக்கு வராமல் இருந்திருந்தால் நான் எப்படி நடந்திருப்பேன் என்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. கொள்கையில் நிற்பவனின் பின்னால் பெரும்பாலும் வேறு ஒருவருடைய உழைப்பு இருக்கிறது, அதை அவன் வெளியே சொல்வதில்லை. ஆகவே மனஉறுதியைப் பற்றிக் கேட்கும் உங்களுக்கு நான் முதலில் சொல்வது, சிறிதாக இருந்தாலும் வேறு ஒரு வருமானத்தைத் தேடிக்கொள்ளுங்கள் என்பதுதான். உங்கள் கையிலேயே ஒரு வழி இருக்கிறது. தேன் குறைந்தாலும் கூடுகள் உயிரோடு இருக்கின்றன. வலுவான கூடுகளைப் பிரித்து, தேனீக்களோடு பெட்டியாக விற்கலாம். இந்த ஆண்டு கூடுகளை இழந்தவர்கள் அவற்றை வாங்குவார்கள். வியாபாரியிடமும் கடனில் ஒரு பகுதியைக் கூடாகவோ தேன்மெழுகாகவோ எடுத்துக்கொள்ளச் சொல்லிப் பாருங்கள். நோய்க்குப் பின் எங்கள் தொழில் மீண்டதும் இப்படித்தான். தப்பிப் பிழைத்த ஒருசில கூடுகளைத் தேடிப் பிடித்து, பிரித்துப் பிரித்துப் பெருக்கினோம்.

மறுமொழி: ஓய்வுபெற்ற கூட்டுறவு வங்கி ஊழியர், நாகர்கோவில்

மேலே எழுதிய ஐயாவின் கருத்துகளோடு முழுதும் உடன்படுகிறேன். நான் கடன் பிரிவில் நெடுநாள் இருந்தவன் என்பதால் அந்தப் பக்கத்திலிருந்து மட்டும் எழுதுகிறேன்.

என் அனுபவத்தில், நல்ல மனிதர்கள் நெறி தவறியதற்கு ஆசையைவிட வெட்கமே அதிகக் காரணமாக இருந்திருக்கிறது. தவணை தவறப்போகிறது என்று தெரிந்தவுடன் வங்கிக்கு வந்து சொல்ல வெட்கப்படுவார்கள். வங்கி இருக்கும் தெருவையே தவிர்த்து வேறு வழியாகப் போவார்கள். அந்த வெட்கத்தை மறைக்க வெளியில் வட்டிக்கு வாங்குவார்கள். அந்த வட்டியைக் கட்டுவதற்காகச் செய்யக்கூடாத ஒன்றைச் செய்வார்கள். ஒவ்வொரு படியும் முந்தைய படியைவிடச் சிறியதாகத்தான் தெரியும். நேர்மை என்று அவர்கள் காப்பாற்ற நினைத்தது பல நேரங்களில் கௌரவத்தைத்தான். கௌரவத்தைக் கொஞ்சம் விட்டுக்கொடுத்தால் நேர்மை தானாகவே பிழைத்துக்கொள்ளும் என்பதை அந்த மேசைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து பலமுறை பார்த்திருக்கிறேன்.

ஆகவே தவணை நாள் வருவதற்கு முன்பே போய்ப் பேசுங்கள். நகைக்கடனில் வட்டியை மட்டும் கட்டிக் கெடுவை நீட்டிக்க வழியுண்டா, அதற்கு என்ன நிபந்தனை என்று நேரடியாகக் கேளுங்கள். விதிகள் வங்கிக்கு வங்கி மாறுபடும், காலத்துக்குக் காலமும் மாறும். பக்கத்து வீட்டுக்காரருக்குக் கிடைத்தது உங்களுக்கும் கிடைக்கும் என்று எண்ணி உட்கார்ந்திருக்க வேண்டாம். ஏலம் பற்றிய அறிவிப்பு வந்த பிறகு பேசுபவரின் சொல்லுக்கும், முன்னதாகவே வந்து பேசுபவரின் சொல்லுக்கும் உள்ள மதிப்பு ஒன்றாக இருப்பதில்லை. வியாபாரியின் முன்பணத்தை இதனோடு கலக்காமல் தனியாக வையுங்கள். இதுவரை எவ்வளவு தேன் கொடுத்தீர்கள், இன்னும் எவ்வளவு எதிர்பார்க்கிறீர்கள், மீதிக்கு என்ன செய்ய உத்தேசம் என்பவற்றை ஒரு தாளில் எழுதி, தேதியிட்டு, கையெழுத்திட்டு அவரிடம் கொடுங்கள், ஒரு படியை நீங்களும் வைத்துக்கொள்ளுங்கள். வாய்ப்பேச்சில் “எடை சரியாக இருந்தால் போதும்” என்று சொல்லக்கூடிய ஒருவர், அதே சொல்லைத் தாளில் எழுதித் தரமாட்டார். எழுத்தில் பேசத் தொடங்கியவுடன் பேச்சின் தன்மையே மாறிவிடும்.

வெளியில் அதிக வட்டிக்கு மட்டும் போகாதீர்கள். கந்துவட்டியைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003 இலேயே சட்டம் வந்துவிட்டது. ஆனால் வாங்கிய பிறகு சட்டத்தின் துணையைத் தேடுவதைவிட, வாங்காமல் இருப்பதற்குக் குறைந்த துணிச்சலே போதும்.

மறுமொழி: ரப்பர் விளைக்காரன், திற்பரப்பு

எல்லாரும் நல்ல வார்த்தை சொல்லியிருக்கிறார்கள். நான் கொஞ்சம் கசப்பான ஒன்றைச் சொல்கிறேன், கேள்வி கேட்டவர் வருத்தப்பட வேண்டாம்.

2011 இல் ரப்பர் ஷீட் கிலோ 200 ரூபாயைத் தாண்டிப் போனது. அந்த விலையை நம்பி எங்கள் பகுதியில் வீடு கட்டியவர்கள் உண்டு, பிள்ளைகளைப் பணம் கட்டிப் படிக்க வைத்தவர்கள் உண்டு. 2016 தொடக்கத்தில் அது ஏறக்குறைய 100 ரூபாய்க்கு வந்து நின்றது. பால்வெட்டும் கூலிகூடக் கட்டுப்படியாகாமல் மரங்களில் பால் வெட்டாமல் விட்டவர்கள் ஏராளம். அந்த ஆண்டுகளில் நான் ஷீட்டை முறையாக அலசி, புகைப்புரையில் நன்றாக உலர்த்தித்தான் விற்றேன். அரைகுறையாக உலர்ந்த ஷீட்டை ஈரத்தின் எடையோடு சேர்த்து விற்ற அண்டைவீட்டுக்காரனும் நானும் ஒரே கடையில் ஏறக்குறைய ஒரே விலைதான் வாங்கினோம். என் நேர்மைக்கு யாரும் பரிசு தரவில்லை. இன்றுவரை தரவில்லை. நேர்மையாக இருந்தால் கடைசியில் நல்லது நடக்கும் என்று யாராவது சொன்னால், அதை நம்பி இதில் இறங்காதீர்கள். நல்லது நடக்காத மாதங்களில் அந்த நம்பிக்கையே உங்களைக் கைவிட்டுவிடும்.

பிறகு ஏன் உலர்த்தினாய் என்று கேட்டால், ஈர ஷீட்டை விற்கும் ஆளாக இருக்க எனக்குப் பிடிக்கவில்லை, அவ்வளவுதான். இதைவிடப் பெரிய காரணம் என்னிடம் இல்லை. ஆனால் இந்தக் காரணத்துக்குப் பருவமும் விலையும் ஒரு பொருட்டில்லை என்பதால், அது என்னைவிட்டுப் போகவும் இல்லை.

இன்னொன்று. அடகில் இருப்பது “வீட்டு நகை” என்று எழுதியிருக்கிறீர்கள். அது யாருடைய கழுத்திலும் கையிலும் இருந்த நகை? உங்கள் கொள்கைக்கான விலையை அவர்தான் கொடுத்துக்கொண்டிருக்கிறார். பாகு வைப்பதா வேண்டாமா என்று முன்பின் தெரியாத எங்களிடம் கேட்கிறீர்கள், அவரிடம் கேட்டீர்களா? கணவன் நேர்மையாளன் என்று ஊர் புகழும்போது, நகையில்லாமல் கல்யாண வீட்டுக்குப் போகிறவள் அவள். முடிவு என்னவாக இருந்தாலும் அவருடைய சொல்லும் அதில் இருக்க வேண்டும். கலந்து பேசாமல் குடும்பத்தின் மேல் ஏற்றி வைக்கும் கொள்கையை நான் கொள்கை என்று ஒப்புக்கொள்ள மாட்டேன்.

மறுமொழி: கடற்கரை ஊர் ஆசிரியை

அண்ணன்மார் எழுதியவற்றைப் படித்தேன். எனக்குத் தேனீயைப் பற்றி எதுவும் தெரியாது. ஆயினும் ஒரு நிகழ்வை எழுதத் தோன்றுகிறது.

2017 நவம்பர் 30 அன்று ஒக்கிப் புயல் இந்த மாவட்டத்தைத் தாக்கியபோது, உள்நாட்டில் மரங்களும் மின்கம்பங்களும் விழுந்தன. எங்கள் பக்கத்து ஊர்களில் ஆழ்கடலுக்குப் போயிருந்தவர்கள் பலர் திரும்பவில்லை. தூத்தூர்ப் பகுதி மீனவர்கள் வாரக்கணக்கில் கடலில் தங்கிச் சுறாவும் சூரையும் பிடிப்பவர்கள் என்பதால், யார் உயிரோடு இருக்கிறார், யார் இல்லை என்பதே பல நாட்களுக்குத் தெரியவில்லை. அந்தக் குழப்பத்துக்கு நடுவில் எங்கள் பங்குக்கு (ஆலயத்தைச் சேர்ந்த ஊர் மக்களுக்கு) நிவாரணப் பொருட்கள் வரப்போகின்றன என்று செய்தி வந்தது. பொருள் வந்து சேர்வதற்கு முந்தைய மாலையே, ஆலயத்தில் கூடிய சிலர் யாருக்கு முதலில், எந்த வரிசையில், எவ்வளவு என்பதை முடிவு செய்து, பெரிய தாளில் எழுதி, அறிவிப்புப் பலகையில் ஒட்டிவிட்டார்கள். முடிவு செய்தவர்களின் உறவினர்களுக்குக் கடைசியில்தான் என்பதும் அதில் ஒரு வரியாக இருந்தது.

மறுநாள் லாரி வந்து நின்றபோது கூட்டமும் அழுகையும் கூச்சலும் எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே கற்பனை செய்துகொள்ளலாம். அந்த நேரத்தில் நீதி எது என்று யோசிக்க யாராலும் முடியாது. பங்கிட்டவர்களில் ஒருவருடைய சொந்த அக்காள் முன்னால் வந்து கை நீட்டியபோது, அவர் பலகையைக் காட்டினார். அக்காள் அவரைத் திட்டினாள், ஆனாலும் வரிசைக்குப் போனாள். அவர் மற்றவர்களைவிட மனவலிமை மிக்கவர் என்று நான் நினைக்கவில்லை. அந்த நிமிடத்தில் எடுக்க வேண்டிய முடிவை முந்தைய நாளே, ஊர் பார்க்கும்படி எடுத்து வைத்திருந்தார்கள்.

தேன் எடுக்கப் போகும் காலையில் பெட்டியின் முன்னால் நின்றுகொண்டு, பாகு வைப்பதா வேண்டாமா என்று தினமும் உங்களோடு நீங்களே வழக்காடாதீர்கள், அண்ணா. தினமும் வழக்காடுபவர் ஒருநாள் தோற்றுவிடுவார். பருவம் முடியும்வரை பாகு இல்லை என்பதைப் பக்கத்து விளைக்காரர்களிடமே சொல்லிவிடுங்கள். அவர்கள் கேலி செய்வார்கள். கேலி செய்யும்போது அவர்களே உங்களுக்குச் சாட்சியாகிவிடுகிறார்கள்.

மறுமொழி: அருமனைப் பக்கத்துக்காரன்

நேரம் ஒதுக்கி எழுதிய அனைவருக்கும் நன்றி. இடைப்பட்ட நாட்களில் நடந்தவற்றைச் சொல்லிவிடுகிறேன்.

திற்பரப்பு அண்ணாச்சியின் மறுமொழியைப் படித்த இரவே மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கடன் எவ்வளவு என்பது அவளுக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது. வியாபாரி சொன்ன சொல் மட்டும்தான் புதிது. பாகு வைக்கக் கூடாது என்று அவள் சொன்னதற்குக் காட்டிய காரணம் நான் எதிர்பார்க்காதது. அவளுடைய தங்கைக்குப் பிள்ளை பிறந்திருக்கிறது, அந்த வீட்டுக்கும் நம் தேன்தான் போகிறது, எந்தக் கேனில் இருந்து எடுத்துக் கொடுப்பீர்கள் என்று கேட்டாள். ஒரு வயதுக்குக் கீழே குழந்தைக்குத் தேனே கொடுக்கக் கூடாது என்று மருத்துவர்கள் சொல்கிறார்கள் என்றேன். அது வேறு பேச்சு என்று முடித்துவிட்டாள். நகையைப் பற்றியும் ஒரு நிபந்தனை வைத்திருக்கிறாள்: கூடு விற்று வரும் பணம் முதலில் வட்டிக்குத்தான் போக வேண்டும், வியாபாரிக்கு அதற்குப் பிறகுதான். ஒப்புக்கொண்டேன்.

வங்கியில் வட்டியைக் கட்டினால் கெடுவை நீட்டிப்பது குறித்துப் பரிசீலிக்கலாம் என்றார்கள், உறுதியாக எதுவும் சொல்லவில்லை. வியாபாரியிடம் தாளில் எழுதிக் கொடுத்தேன். வாங்கி இருமுறை படித்துவிட்டு, “இதெல்லாம் எதற்கு?” என்று கேட்டார். பிறகு, குறையும் எடையை அடுத்த பருவத்தில் தர வேண்டும், அதற்குக் கிலோவுக்கு விலையைக் குறைத்துக்கொள்வேன் என்றார். அவர் சொல்லும் விலை நியாயமானது என்று என்னால் சொல்ல முடியாது. கூடாக எடுத்துக்கொள்ளச் சம்மதிக்கவில்லை. அடுத்த ஆண்டு இவருக்குத் தேன் கொடுப்பதா, வேறு இடம் தேடுவதா என்பதை இப்போது முடிவு செய்ய வேண்டாம் என்று விட்டிருக்கிறேன். பக்கத்து விளைக்காரர்களிடமும் சொல்லிவிட்டேன். ஆசிரியை அக்கா எழுதியதுபோல் கேலி செய்தார்கள். ஒருவர் மட்டும் தனியாக வந்து, கூடு பிரிப்பது எப்படி என்று கேட்டுவிட்டுப் போனார்.

குலசேகரத்து ஐயாவிடம் ஒரு ஐயம் கேட்க வேண்டும். வரத்து குறைவாக இருப்பதால் அடைகள் முழுதாக மூடப்படுவதற்கு முன்பே எடுக்க வேண்டியிருக்கிறது. கடைசியாக எடுத்த தேன் நீர்த்திருக்கிறது. ஈரப்பதம் 20 விழுக்காட்டுக்கு மேல் இருக்கும் என்று நினைக்கிறேன். எடை குறைந்திருக்கும் இந்த நேரத்தில், அதைக் காய்ச்சி ஈரத்தைப் போக்கினால் எடை இன்னும் குறையும். இதை அப்படியே கொடுப்பதும் ஒரு வகையில் எடையை நிரப்புவதுதானே?

மறுமொழி: பழைய பெட்டிக்காரர், குலசேகரம்

ஆமாம், தம்பி. ஈரத்தை எடையாக விற்பதும் அந்த வகையில்தான் சேரும். மேலும் அந்தத் தேன் சில வாரங்களிலேயே புளித்து நுரைக்கத் தொடங்கிவிடும். அப்போது கெட்ட பெயர் உங்களுக்குத்தான்.

நீங்களே அடுப்பில் வைத்துக் காய்ச்ச வேண்டாம், நிறமும் மணமும் போய்விடும். அந்தக் கேனை மட்டும் தனியாக வையுங்கள், மற்றவற்றோடு கலக்காதீர்கள். இனி எடுக்கும்போது அடையில் முக்கால் பங்காவது மெழுகு மூடியிருந்தால் மட்டும் எடுங்கள், மற்றதைப் பெட்டியிலேயே விட்டுவிடுங்கள். அதை நீங்கள் எடுக்காவிட்டால், வரும் மழைக்காலத்தில் தேனீக்களே தின்னும், சீனிச் செலவும் அந்த அளவுக்குக் குறையும். என்னிடம் ஈரப்பதம் பார்க்கும் கருவி இருக்கிறது. ஞாயிறு காலையில் ஒரு சின்னப் புட்டியில் அந்தத் தேனை எடுத்துக்கொண்டு வாருங்கள், பார்த்துவிடலாம். கூடு பிரிப்பது பற்றிக் கேட்டவரையும் வரச் சொல்லுங்கள். பிரிப்பதாக இருந்தால் பங்குனி முடிவதற்குள் பிரித்துவிட வேண்டும். தாமதித்தால் மழை தொடங்குவதற்குள் புதிய ராணி முட்டையிட்டுக் கூடு வலுப்பெறாது.